ஏணி சாட்சி

கீழவாசல் திரும்பும்போது
லத்தி நீண்டு வண்டியை மறித்தது.
மணி ஒன்று பத்து.
சட்டைப் பையில் பீடிக்கட்டு, டெஸ்டர்,
பாதி தீர்ந்த கறுப்பு டேப்,
அப்புறம் அது.

‘எப்படித் திறக்கும்?’ என்றார் எஸ்.ஐ. சகாயசெல்வி.
நான் சொல்வதற்குள் அவரே அழுத்திவிட்டார்.
டிக்.
பல்லி நாக்கு மாதிரி வெளியே வந்தது அலகு.
நாலு போலீஸ்காரர்கள் அரையடி பின்னால் போனார்கள்.
எனக்கே ஒரு நொடி பயமாகத்தான் இருந்தது.
என் பையில் இருந்தவரைக்கும்
அது வயர் சீவுகிற சாமான்.

ஸ்டேஷனில்
மகளின் ஜியாமெட்ரி பாக்ஸ் ஸ்கேலை வைத்து
ரைட்டர் ஒச்சப்பன் அளந்தார்.
மூன்றரை.
‘ஒம்பது இஞ்சுக்கு மேல போனாத்தான் லைசென்சு கேக்கணும்,
அகலம்னா ரெண்டு.
இது பச்சப்புள்ளம்மா.’
‘நீளத்தையா கேட்டேன்? பட்டனப் பாருங்க.’
பேர் கேட்டார். நாகூர்கனி என்றேன்.
பேனா கொஞ்சம் நின்று
பிறகு எழுதியது.

எனக்கு முன்னால் பிடித்து வந்திருந்தவர் சோணைமுத்து.
அவர் அரிவாளுக்குள்
என் கத்தி ஆறு படுத்துத் தூங்கலாம்.
ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தார்கள்.
வாசலில் வண்டி, வண்டி நிறைய இளநீர்.
போய்ட்டு வாய்யா என்றார்கள்.
போகிறபோது ரைட்டருக்கு ஒன்று சீவிக் கொடுத்தார்,
மூன்றே வெட்டு.
யாரும் பின்னால் போகவில்லை.

எஸ்.ஐ. என் பக்கம் திரும்பினார்:
‘ஒன் இளநி எங்க?’

தெப்பக்குளத்தில் இருக்கிறது மேடம்,
கீழ்க்கரையில், கம்பத்தில் சாய்ந்து.
தெப்பத்துக்கு சீரியல் செட் கட்டுகிறேன்.
ஒரு கை ஏணியில் இருக்கும்,
மிச்சம் ஒரு கைதான்.
ஒரு கைக்குத் திறக்கிற கத்தி
எனக்கு இது ஒன்றுதான் அகப்பட்டது.

‘ஏணியக் கொண்டா.’

பதினெட்டு அடி மூங்கில் ஏணி.
காமராஜர் சாலை நெடுக
நாய்கள் முறை வைத்துக் குரைத்தன.
மதுரையில் எந்த மாடி வீட்டுக்குள்ளும்
என்னை இறக்கிவிடக்கூடிய ஒன்றை
நடு ராத்திரியில் தோளில் வைத்துக்கொண்டு போனேன்.
ஒருத்தரும் நிறுத்தவில்லை.

ஏணி ஸ்டேஷனுக்குள் கொள்ளவில்லை.
பாதி வராந்தா, பாதி ரோடு.
நிமிர்த்திச் சுவரில் சாய்த்தபோது
எஸ்.ஐ. ஷூவைக் கழற்றாமல் ஏறினார்.
ஐந்தாவது படியில் நின்று
இடது கையால் பிடித்துக்கொண்டு
வலது கையால் பையிலிருந்து எடுத்தார்.
டிக்.
அங்கேயே கொஞ்ச நேரம் நின்றார்.

இறங்கி வந்து சொன்னார்:
‘புரியுது.
ஆனா புரியுறதெல்லாம் செக்‌ஷன்ல இல்ல.’

புத்தகத்தை எடுத்தார்கள்.
வடை எண்ணெயில் இரண்டு பக்கம் ஒட்டியிருந்தது.
பட்டன் கத்தி கூடாது என்றார் ஒருவர்.
அது டெல்லிக்கு மட்டும் என்றார் இன்னொருவர்.
கோர்ட்டு சொல்லட்டும் என்று
கத்தியை வைத்துக்கொண்டு
என்னையும் ஏணியையும் அனுப்பினார்கள்.

இப்போது வைத்திருப்பது
நகத்தால் இழுத்துத் திறக்கிற சாதா மடக்குக் கத்தி.
அதற்கு இரண்டு கை வேண்டும்.
கம்பத்து உச்சியில்
பல்லால் கடித்துத் திறக்கிறேன்.
நாக்கில் பழைய அஞ்சு பைசா ருசி.
இதில் குற்றம் ஒன்றுமில்லை.
விழுந்தால் என் பாடு.

புரட்டாசியில் ஸ்டேஷனிலிருந்து போன்.
‘ஆயுத பூஜைக்கு சீரியல் செட் போடணும், வாங்க.’
‘வாங்க’ என்றுதான் சொன்னார்.

மேஜையில் துப்பாக்கி, லத்தி, கைவிலங்கு,
ஜீப் சாவி கூட இருந்தது,
எல்லாவற்றுக்கும் சந்தனம், குங்குமம்.
ஓரத்தில் பிளாஸ்டிக் கவருக்குள்
சீட்டு கட்டிய என் கத்தி.
விடுபட்டுவிடக் கூடாதென்று
யாரோ கவர் மேலேயே
நம்பருக்குப் பக்கத்தில் ஒரு பொட்டு வைத்திருந்தார்கள்.
கேஸ் இன்னும் எடுக்கவில்லை.

நான் ஏறினேன்.
கீழே ஏணியைப் பிடித்துக்கொண்டார் எஸ்.ஐ.,
இரண்டு கையாலும்.
அசையவே இல்லை ஏணி,
இரண்டு கையையும் விட்டிருக்கலாம்.

பழக்கத்தில்
பல்லால்தான் திறந்தேன்.